யார் சொன்னது, யாரிடம் சொன்னது: அமெரிக்கக் கவிஞர்களைப் படிக்க ஒரு வழி

கேள்வி: நாள்காட்டியிலும் கைபேசியிலும் அமெரிக்கக் கவிஞர்களின் பொன்மொழிகளை நெடுநாளாகப் படித்து வருகிறேன். முதலில் உற்சாகமாக இருந்தது. இப்போது எதுவும் மனதில் ஒட்டுவதில்லை. அன்றாட வாழ்க்கைக்கு உதவும் ஆழ்ந்த சிந்தனை இவர்களிடம் உண்மையிலேயே இருக்கிறதா? இருந்தால் யாரிடம் தொடங்கலாம்?

இருக்கிறது, நிறையவே இருக்கிறது. உங்கள் கைக்கு வந்து சேர்ந்தவை கவிதைகளிலிருந்து பிய்த்தெடுத்த வரிகள் என்பதால்தான் அது உங்களுக்குக் கிடைக்காமல் போயிற்று. அந்த நாட்டின் சிறந்த கவிஞர்கள் பலருக்கு அறிவுரை வழங்குவதில் நாட்டம் இல்லை. அவர்களுடைய கவிதைகளில் ஒரு மனிதர் ஏதோ ஒரு நெருக்கடியில் நின்றுகொண்டு இன்னொருவரிடம் பேசுகிறார். தெரிந்து சொல்வது பாதி, தன்னை அறியாமல் வெளியிடுவது பாதி. நமக்குப் பயன்படுவது பெரும்பாலும் அந்த இரண்டாவது பாதிதான்.

சங்க அகப்பாடல்களைப் படித்தவர்களுக்கு இது பழக்கமான சங்கதி. பாட்டின் அடியில் ‘தோழிக்குத் தலைவி உரைத்தது’ என்பது போல ஒரு குறிப்பு இருக்கும். அதை மறைத்துவிட்டு நடுவிலுள்ள ஒரு வரியை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டால் பாட்டு பொருளிழந்துவிடும். ராபர்ட் ஃப்ராஸ்டின் கவிதைகளுக்கு அடியில் அப்படி யாரும் குறிப்பு எழுதி வைக்கவில்லை. படிப்பவர்தான் எழுதிக்கொள்ள வேண்டும்.

ஃப்ராஸ்டின் பெயரில் மிக அதிகமாக உலவும் வாசகம், ‘நல்ல வேலி நல்ல அண்டைவீட்டாரை உருவாக்கும்’ என்பது. 1914ல் வெளிவந்த ‘மெண்டிங் வால்’ என்ற கவிதையில் அது வருகிறது. அமெரிக்காவின் வடகிழக்கிலுள்ள நியூ இங்கிலாந்துப் பகுதியின் இரண்டு விவசாயிகள், குளிர்காலம் முடிந்ததும் தங்கள் நிலங்களுக்கு இடையிலான கல்சுவரைச் சீர்செய்கிறார்கள். உறைந்த மண் உப்பியதில் கற்கள் சரிந்து கிடக்கின்றன. ஆளுக்கொரு பக்கமாக நடந்து, தத்தம் பக்கம் விழுந்ததை எடுத்து அடுக்குகிறார்கள். ஒருவருடையது ஆப்பிள் தோட்டம், மற்றவருடையது பைன் மரக்காடு. ஆப்பிள் மரங்கள் சுவரைத் தாண்டி வந்து உன் பைன் காய்களைத் தின்றுவிடப் போவதில்லையே, மாடு கன்றுகூட இங்கே கிடையாதே, பிறகு சுவர் எதற்கு என்று கேட்கிறார் கதைசொல்லி. அதற்கு அண்டைவீட்டுக்காரர் தரும் ஒரே பதில்தான் அந்த வேலி வாசகம். அது அவருடைய தகப்பன் சொன்ன சொல். அதற்கு அப்பால் யோசிக்க அவருக்கு விருப்பமில்லை. அழகாகச் சொல்லிவிட்டோம் என்ற திருப்தியில் இன்னொரு முறையும் சொல்கிறார்.

இதோடு நின்றால், சுவரை எதிர்ப்பவர் அறிவாளி, ஆதரிப்பவர் மூடர் என்று முடித்துவிடலாம். ஆனால் கவிதையின் முன்பகுதியில் ஒரு சிறு விவரம் இருக்கிறது. ஆண்டுதோறும் சுவர் வேலைக்கு நாள் குறித்து அண்டைவீட்டுக்காரருக்குச் சொல்லி அனுப்புபவர் கதைசொல்லியேதான்! சுவர் வேண்டாம் என்று வாதாடுபவர்தான் அதை ஒவ்வோர் ஆண்டும் எழுப்பவும் காரணமாகிறார். அவர்கள் இருவரும் ஆண்டில் ஒரு நாளாவது சேர்ந்து நடப்பதும் அந்தச் சுவரால்தான். தெருவில், அலுவலகத்தில், உறவுக்குள் எல்லைத் தகராறு வரும்போது நான் நினைத்துக்கொள்வது அந்தப் பழமொழியை விட இந்த விவரத்தைத்தான். என் கொள்கை என்ன, வேலைக்கு ஆள் கூப்பிடுவது யார் என்று என்னையே கேட்டுக்கொள்ள அது வைக்கிறது.

இரண்டு பாதைகள் பிரியும் கவிதைக்கும் இதே கதி நேர்ந்தது. ‘அதிகம் பேர் நடக்காத பாதையைத் தேர்ந்தேன், அதுவே எல்லா மாற்றத்துக்கும் காரணம்’ என்ற முடிவு, துணிச்சலின் முழக்கமாகப் பட்டமளிப்பு மேடைகளில் ஒலிக்கிறது. கவிதையின் நடுவிலோ, இரண்டு பாதைகளும் ஏறக்குறைய ஒரே அளவு தேய்ந்திருந்தன என்று பேசுபவரே ஒப்புக்கொள்கிறார். அந்தப் பெருமைப் பேச்சு, என்றோ ஒரு நாள் வயதான பிறகு பெருமூச்சோடு சொல்லப்போவதாக அவர் முன்கூட்டியே கற்பனை செய்வது. இங்கிலாந்தில் ஃப்ராஸ்டோடு நடைக்கு வருவார் எட்வர்ட் தாமஸ் என்ற நண்பர். எந்த வழியில் போனாலும், மற்ற வழியில் போயிருக்கலாமே என்று குறைபட்டுக்கொள்வது அவர் வழக்கம். அவரைச் செல்லமாகச் சீண்டத்தான் ஃப்ராஸ்ட் இதை எழுதினார். கவிதை 1915ல் அச்சானது. தாமஸ் அதே ஆண்டு ராணுவத்தில் சேர்ந்து, 1917 ஏப்ரலில் பிரான்சின் அராஸ் போர்க்களத்தில் இறந்தார். தேர்வு செய்யும்போது நம்மிடம் இருக்கும் தகவல் மிகக் குறைவு. காரணங்களைப் பிறகுதான் ஜோடித்துக்கொள்கிறோம். வேலை மாறிய கதையையோ திருமணக் கதையையோ நாம் பிறரிடம் எப்படிச் சொல்கிறோம் என்று யோசித்துப் பார்த்தால் இது எவ்வளவு உண்மை என்று தெரியும்.

மேரி ஆலிவரின் ‘உன்னுடைய இந்த ஒரே ஒரு அரிய வாழ்க்கையை வைத்து என்ன செய்யப் போகிறாய்’ என்ற கேள்வியும் அப்படித்தான். தொழில் முன்னேற்றப் பயிற்சிகளில் அதைத் திரையில் போட்டுக் காட்டுகிறார்கள். அந்தக் கவிதையில் பேசுபவர் அன்று முழுவதும் செய்தது, உள்ளங்கையில் சர்க்கரை தின்னும் ஒரு வெட்டுக்கிளியைப் பார்த்துக்கொண்டிருந்ததும் வயல்வெளியில் சும்மா திரிந்ததும்தான். வேறென்ன செய்திருக்க வேண்டும் என்று கேட்டுவிட்டுத்தான் அந்தக் கடைசிக் கேள்வியை வைக்கிறார்.

அறிவுரையாகவே எழுதப்பட்ட கவிதைகள் இல்லாமல் இல்லை. ஹென்றி வாட்ஸ்வொர்த் லாங்ஃபெல்லோவின் ‘எ சாம் ஆஃப் லைஃப்’ நம் நாட்டு ஆங்கிலப் பாடநூல்களிலும் இடம்பெற்றது. ‘இறந்த காலம் தன் இறந்தோரைத் தானே புதைக்கட்டும், நிகழ்காலத்தில் செயல்படு’, ‘காலத்தின் மணலில் காலடித் தடங்கள்’ எல்லாம் அதிலிருந்து வந்தவை. எழுதிய ஆண்டு 1838, லாங்ஃபெல்லோவுக்கு வயது 31. முதல் மனைவியை இழந்து மூன்று ஆண்டுகள் ஆகியிருந்தன. அந்தக் கவிதைக்கு ஒரு துணைத் தலைப்பு உண்டு: ‘சங்கீதக்காரனிடம் (விவிலியத்தின் சங்கீதங்களைப் பாடியவனிடம்) இளைஞனின் இதயம் சொன்னது’. கிட்டத்தட்ட நம் கூற்றுக் குறிப்பு! மேற்கோள் காட்டுபவர்கள் முதலில் வெட்டி எறிவது அதைத்தான். துக்கத்திலிருந்து எழ முயலும் ஓர் இளைஞன் தனக்குத்தானே உரக்கச் சொல்லிக்கொள்வது என்று தெரிந்து படித்தால், அந்த முழக்கத்துக்கு அடியில் உள்ள பதற்றம் கேட்கும்.

அவரே பிற்காலத்தில் எழுதிய பதினான்கு வரிகளை இதோடு சேர்த்துப் படிக்க வேண்டும். 1861 ஜூலையில் அவருடைய இரண்டாம் மனைவி ஃபேனியின் ஆடையில் தீப்பிடித்தது. லாங்ஃபெல்லோ ஓடிவந்து அணைக்க முயன்று தாமும் கையிலும் முகத்திலும் தீக்காயம் பட்டார். மறுநாள் ஃபேனி இறந்தார். காயங்களால் அடக்கத்துக்குக்கூட அவரால் போக முடியவில்லை. நாம் படங்களில் பார்க்கும் அந்த நீண்ட வெண்தாடி, தழும்புகளுக்கு மேல் வளர்ந்தது. பதினெட்டு ஆண்டுகள் கழித்து, 1879ல், ‘தி கிராஸ் ஆஃப் ஸ்னோ’ என்ற கவிதையை எழுதினார். உறக்கம் வராத இரவில் சுவரிலிருந்து ஒரு முகம் அவரைப் பார்க்கிறது. தொலை மேற்கில் ஒரு மலை. அதன் ஆழ்ந்த பிளவுகளில் சூரியனுக்கும் உருகாத பனி சிலுவை வடிவில் படிந்திருக்கிறது. அந்தச் சிலுவையைத்தான் பதினெட்டு ஆண்டுகளாக நெஞ்சில் சுமக்கிறேன், பருவங்களும் காட்சிகளும் மாறியும் அவள் இறந்த நாளிலிருந்து அது மாறவே இல்லை என்கிறார். அதை வெளியிடாமலே வைத்திருந்தார்; 1882ல் அவர் இறந்த பிறகுதான் உலகுக்குத் தெரியவந்தது.

இறந்த காலம் தன்னைத்தானே புதைத்துக்கொள்ளட்டும் என்று உலகுக்கு உபதேசித்தவர், அறுபது வயதைக் கடந்தும் புதைக்க முடியாததை ஒரு தாளில் எழுதி மூடி வைத்திருக்கிறார். வாழ்க்கைத் துணையை இழந்த ஒருவரிடம் போய் ‘மனதைத் தேற்றிக்கொள்ளுங்கள்’ என்று சொல்ல வாய் வரும்போதெல்லாம் எனக்கு இரண்டாவது கவிதை நினைவுக்கு வந்து தடுக்கிறது. அதற்காகவே நான் லாங்ஃபெல்லோவுக்குக் கடன்பட்டிருக்கிறேன்.

துக்கத்தைப் பற்றி இன்னும் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். குடும்ப வாழ்க்கையைப் பற்றி அமெரிக்காவில் எழுதப்பட்ட கவிதைகளில் ஒன்றே ஒன்றைத்தான் படிக்க முடியும் என்றால், ஃப்ராஸ்டின் ‘ஹோம் பரியல்’ கவிதையைப் படியுங்கள் என்பேன். ஃப்ராஸ்ட் தம்பதியின் முதல் பிள்ளை எலியட் 1900ல் காலராவால் இறந்தான். நான்கு வயதுகூட நிறையவில்லை. கவிதையில் வரும் கணவன் மனைவி வேறு ஆட்கள். ஆனால் அந்த வீட்டின் காற்று எழுதியவருக்குத் தெரிந்த காற்று.

மனைவி மாடிப்படியின் உச்சியில் நின்று ஜன்னல் வழியாக எதையோ பார்க்கிறாள். கணவன் கீழிருந்து கவனித்து, மேலே வந்து பார்க்கிறான். குடும்பக் கல்லறைத் திட்டு, ஒரு படுக்கையறை அளவுதான். அதில் குழந்தையின் புதுமேடு. ‘இழந்த பிள்ளையைப் பற்றி ஒரு ஆண் பேசக்கூடாதா’ என்று அவன் கேட்கிறான். ‘நீ பேசாதே’ என்கிறாள். ஏன் என்பது மெல்ல மெல்ல வெளிவருகிறது. குழந்தைக்கு அவனே குழி தோண்டினான். மண்ணும் சரளையும் காற்றில் துள்ளித் துள்ளி விழுவதை அதே ஜன்னலிலிருந்து அவள் பார்த்தாள். மண்வெட்டியை வாசலில் சாய்த்துவிட்டு, காலணியில் புதைமண் ஒட்டியிருக்க உள்ளே வந்து உட்கார்ந்து அவன் சொன்னான்: மூன்று பனிமூட்டக் காலையும் ஒரு மழைநாளும் போதும், எவ்வளவு நன்றாகக் கட்டிய பிர்ச் மர வேலியும் உளுத்துப் போகும்.

அந்தச் சொல்லை அவளால் மன்னிக்க முடியவில்லை. கூடத்தில் பிள்ளை கிடக்கும்போது வேலியைப் பற்றியா பேச்சு? அவள் கேட்பது நியாயம். ஆனால் சற்று நின்று அவன் சொன்னதைத் திரும்பப் பாருங்கள். ஒரு மனிதன் தன் கையால் எவ்வளவு கவனமாக உருவாக்கினாலும் சில நாட்களில் அழிந்துவிடுகிறது என்கிறான். அவன் பேசியது பிள்ளையைப் பற்றித்தான். அது அவளுக்கும் கேட்கவில்லை, அவனுக்கும் தெரியவில்லை. கவிதை சமரசத்தில் முடிவதும் இல்லை. அவள் அழுது கொட்டியதும், ‘எல்லாம் சொல்லிவிட்டாய், இனி மனசு லேசாகும்’ என்கிறான். அதைவிடத் தவறான ஒரு சொல்லை அந்த நேரத்தில் அவன் தேர்ந்திருக்க முடியாது. அவள் கதவைத் திறக்கிறாள். வலுக்கட்டாயமாகத் திரும்ப இழுத்து வருவேன் என்று அவன் கத்துவதோடு கவிதை அறுந்து நிற்கிறது.

துக்க வீட்டில் நம் ஆண்கள் பந்தல்காரருக்குக் கொடுக்க வேண்டிய பணத்தையும் மோட்டார் பழுதையும் பற்றிப் பேசிக்கொண்டிருப்பதைப் பார்த்து எரிச்சல்படுகிறோம். இந்தக் கவிதையைப் படித்தவருக்கு அந்த எரிச்சல் அவ்வளவு எளிதில் வராது. அதே சமயம், அப்படிப் பேசும் ஆண் தன் மனைவியின் காதில் அது எப்படி விழுகிறது என்று யோசிக்கவும் இதில் இடமிருக்கிறது. இரண்டு பக்கமும் நியாயம் இருந்தும் ஒரு வீடு உடையும். அதை ஆலோசனை வாக்கியமாகச் சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். நூற்றுக்குச் சற்று மேற்பட்ட இந்த வரிகளில் நம்பித்தான் ஆக வேண்டும்.

தகப்பன்மாரைப் பற்றி ராபர்ட் ஹேடன் எழுதிய ‘தோஸ் வின்டர் சண்டேஸ்’ பதினான்கே வரிகள். ஹேடன் 1913ல் டெட்ராய்ட் நகரில் பிறந்து, கறுப்பின மக்கள் வாழ்ந்த ஏழைக் குடியிருப்பில் வளர்ப்புப் பெற்றோரிடம் வளர்ந்தவர். வாரம் முழுதும் வெளிவேலை செய்து கைகள் வெடித்துப்போன தந்தை, ஞாயிற்றுக்கிழமையும் விடியுமுன் கடுங்குளிரில் எழுந்து அடுப்பை மூட்டுகிறார். யாரும் அவருக்கு ஒரு நன்றி சொன்னதில்லை. அறைகள் சூடான பிறகு மகனை எழுப்புகிறார். மகன் மெதுவாக எழுகிறான். அந்த வீட்டின் நாட்பட்ட கோபங்களை நினைத்து அவனுக்குப் பயம். குளிரை விரட்டியதோடு தன் நல்ல காலணிகளையும் துடைத்துப் பளபளக்க வைத்திருக்கும் மனிதரிடம் அவன் ஏனோதானோ என்று பேசுகிறான். வளர்ந்த பிறகு அவன் தன்னையே கேட்டுக்கொள்கிறான், எனக்கு என்ன தெரிந்தது, அன்பின் இறுகிய, தனிமையான கடமைகளைப் பற்றி எனக்கு என்ன தெரிந்தது என்று.

கோபம் என்ற அந்த ஒரு விவரத்தை ஹேடன் விட்டிருந்தால் இது வெறும் தந்தையர் தின வாழ்த்து ஆகியிருக்கும். அந்தத் தந்தை பயப்படத்தக்க மனிதராகவும் இருந்தார், அடுப்பையும் மூட்டினார். ஒன்றைக் காட்டி மற்றதை மன்னிக்கச் சொல்லவில்லை கவிதை. கண்டிப்பான அப்பாவிடம் வளர்ந்து, அவரைப் பற்றி என்ன நினைப்பது என்று நடுவயதிலும் தெரியாமல் தவிப்பவர்கள் எத்தனையோ பேர் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களுக்கு இந்தக் கவிதையைக் கொடுக்கத் தயங்காதீர்கள்.

நேரடி அறிவுரை பலிக்கும் இடமும் உண்டு என்பதற்கு லாங்ஸ்டன் ஹியூஸின் ‘மதர் டு சன்’ சான்று. 1922 டிசம்பரில் ‘தி கிரைசிஸ்’ இதழில் வந்தபோது ஹியூஸ் இருபதைச் சற்றே கடந்தவர். ஒரு கறுப்பினத் தாய் மகனிடம் பேசுகிறாள். என் வாழ்க்கை பளிங்குப் படிக்கட்டாக இருந்ததில்லை. ஆணியும் சிலாம்பும் பெயர்ந்த பலகையும் இருந்தன, விரிப்பே இல்லாத இடமும் இருந்தது, சில சமயம் விளக்கில்லாத இருட்டிலும் ஏறினேன் என்கிறாள். அதனால் நீ திரும்பிவிடாதே, படியில் உட்கார்ந்துவிடாதே என்கிறாள். ‘விடாமுயற்சி வெற்றி தரும்’ என்பதைத்தானே சொல்கிறாள் என்று தோன்றலாம். கவனியுங்கள், வெற்றி என்று அவள் எங்கும் சொல்லவில்லை. அவள் இன்னும் உச்சிக்குப் போய்ச் சேரவும் இல்லை. ‘நான் இன்னும் ஏறிக்கொண்டுதான் இருக்கிறேன்’ என்பது மட்டுமே அவள் காட்டும் உரிமை.

எமிலி டிக்கின்சனைப் பற்றி ஒரு எச்சரிக்கை மட்டும். ‘நம்பிக்கை என்பது சிறகுள்ளது’ என்ற இனிமையான டிக்கின்சனோடு நின்றுவிடாதீர்கள். ஏறத்தாழ 1,800 கவிதைகள் எழுதி, உயிரோடு இருந்தபோது பத்துப் பன்னிரண்டுக்கு மேல் அச்சில் பார்க்காதவர். பெரும் வலிக்குப் பிறகு வரும் மரத்துப்போன நிலையை விவரிக்கும் கவிதையைத் தேடிப் படியுங்கள். நரம்புகள் கல்லறைகளைப் போலச் சடங்காக அமர்ந்திருக்கின்றன, கால்கள் எந்திரமாக நடக்கின்றன. பிழைத்தால் இந்த ஈய நேரம் நினைவில் இருக்கும் என்கிறார். பிழைப்பாய் என்று உறுதி தரவில்லை. அதனாலேயே, அந்த நிலையில் இருப்பவர் நம்பக்கூடிய குரலாக அது இருக்கிறது.

எல்லாமே துக்கமா என்று கேட்பீர்கள். நியூ ஜெர்சியின் ரதர்ஃபோர்டு ஊரில் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் மருத்துவராக இருந்து, ஏழைகளின் வீடுகளுக்குப் பிரசவம் பார்க்கப் போய்வந்த வில்லியம் கார்லோஸ் வில்லியம்ஸிடம் போங்கள். தெருவில் ஒரு ஏழை மூதாட்டி காகிதப் பையிலிருந்து பிளம்ஸ் பழம் எடுத்துத் தின்கிறாள். அவளுக்கு அவை ருசிக்கின்றன என்று ஒரே வாக்கியத்தை அடுத்தடுத்து மூன்று முறை சொல்கிறார், ஒவ்வொரு முறையும் வரியை வேறு இடத்தில் மடக்கி. முதலில் முழுச் செய்தி. அடுத்த மடக்கில் ‘அவளுக்கு’ தனியே நிற்கிறது: வேறு யாருக்கும் அல்ல, இந்தக் கிழவிக்கு. அதற்கடுத்து ருசியின் நன்மை தனியே நிற்கிறது. அவள் வறுமையைப் பற்றி ‘டு எ புவர் ஓல்ட் உமன்’ என்ற தலைப்பில் ஒரு சொல், அவ்வளவுதான். பாதி உறிஞ்சிய பழத்துக்கு அவள் தன்னை முழுதாகக் கொடுத்திருப்பதை மருத்துவரின் கண் பார்த்துவிட்டது. பொருளாதாரப் பெருமந்தக் காலத்தில், 1930களில், எழுதியது. ஏழையைக் கண்டால் பரிதாபப்படத்தான் தெரியும் நமக்கு. அவளுடைய சந்தோஷத்தை அங்கீகரிக்க இதில் பழகலாம்.

எலிசபெத் பிஷப்பின் ‘ஒன் ஆர்ட்’ உங்கள் கேள்விக்கே பதில் போன்றது. ‘இழக்கும் கலையில் தேர்ச்சி பெறுவது கடினமில்லை’ என்ற பொன்மொழியோடு தொடங்கி, அதையே திரும்பத் திரும்பச் சொல்கிறது. சாவி, வீணான ஒரு மணி நேரம், அம்மாவின் கைக்கடிகாரம், நேசித்த வீடுகள், நகரங்கள் என்று இழப்பு பெரிதாகிக்கொண்டே போகிறது. கடைசியில் ‘நீ’ என்ற ஓர் ஆளிடம் வந்ததும் அந்தப் பொன்மொழி தடுமாறுகிறது. எழுது, எழுதிவிடு என்று தன்னையே அதட்டித்தான் வாக்கியத்தை முடிக்க வேண்டியிருக்கிறது. பிஷப் எட்டு மாதக் குழந்தையாக இருந்தபோது தந்தை இறந்தார். ஐந்து வயதில் தாயை மனநல விடுதிக்கு அனுப்பினார்கள், பிறகு அவரைப் பார்க்கவே இல்லை. ஒரு பொன்மொழி எவ்வளவு எடை தாங்கும் என்று சோதித்துப் பார்க்க இவரைவிடத் தகுதியானவர் இல்லை.

இனி, எப்படித் தொடங்குவது. ஆங்கிலம் சற்றுத் தடுக்கும் என்றால் ஹியூஸ், வில்லியம்ஸ், ஹேடன் என்ற வரிசையில் போங்கள். சொற்கள் எளியவை, கவிதைகள் சிறியவை. ஃப்ராஸ்ட் அடுத்து. டிக்கின்சனும் பிஷப்பும் பிறகு. வாரத்துக்கு ஒரு கவிதை போதும், ஆனால் முழுக் கவிதை. முதலில் வாய்விட்டுப் படியுங்கள். பிறகு ஒரு தாளில், பேசுவது யார், யாரிடம், பேசுவதற்குச் சற்று முன் என்ன நடந்தது என்று தமிழில் எழுதிப் பாருங்கள். பதில் தெரியாத இடத்தில் கோடு போட்டு விட்டுவிடுங்கள். அடுத்த முறை அந்தக் கோட்டிலிருந்து தொடங்கலாம். நான் சொன்ன கவிதைகளில் பெரும்பாலானவற்றைச் சிகாகோவின் பொயட்ரி ஃபவுண்டேஷன் தளத்தில் கட்டணமின்றிப் படிக்கலாம்.

வால்ட் விட்மனை வேண்டுமென்றேதான் கடைசிக்கு வைத்தேன். பாரதி அவரைப் பற்றி உற்சாகமாக எழுதியிருப்பதால் தமிழ் வாசகர்கள் நேராக அவரிடம் போய், ‘சாங் ஆஃப் மைசெல்ஃப்’ நெடுங்கவிதையின் நீளத்தில் களைத்துவிடுகிறார்கள். அதற்கு 52 பகுதிகள் உண்டு. நாளுக்கு ஒன்றாக எடுத்துக்கொள்ளுங்கள், எங்கே சலிப்புத் தட்டுகிறதோ அங்கே தயங்காமல் தாண்டுங்கள். உள்நாட்டுப் போர்க்கால மருத்துவமனைகளில் காயம்பட்ட வீரர்களின் படுக்கையருகே அவர் கழித்த நாட்களிலிருந்து பிறந்த ‘தி வூண்ட் டிரெஸ்ஸர்’ கவிதையை மட்டும் ஒரே அமர்வில் படித்துவிடுங்கள்.